ஒரு பாட்டு, மூன்று கணக்கு: ஹெர்பி ஹான்காக்கின் 'வாட்டர்மெலன் மேன்'

1973-ல் வந்த 'ஹெட் ஹண்டர்ஸ்' ஆல்பத்தின் இரண்டாவது பாட்டை ஹெட்ஃபோன் போட்டுக் கேட்டுப் பாருங்கள். ஆரம்பத்தில் பியானோ இல்லை, டிரம்ஸ் இல்லை. யாரோ ஊதுகிறார்கள், நடுநடுவே குரல் கொடுக்கிறார்கள். ஒரு ஊதல், ஒரு கூவல், மறுபடி ஊதல். இதுவே பின்னிப் பின்னி ஒரு தாளமாக மாறும். அப்புறம்தான் பேஸ் கிட்டார் உள்ளே வரும், டிரம்ஸ் வரும், ஒவ்வொன்றாக அடுக்கு ஏறும். ஜாஸ் கேட்காதவர்களுக்கும் தலை தானாக ஆடும்.

அந்த ஊதல் எந்த ஊர்ப் புல்லாங்குழல் என்று தேடினால் பதில் வேடிக்கையாக இருக்கும். அது பீர் பாட்டில். பில் சம்மர்ஸ் என்ற தாளக் கலைஞர் பாட்டில் வாயில் ஊதி வாசித்தது.

ஆனால் அந்த வாசிப்பு முறை பாட்டிலோடு பிறந்ததில்லை. அது மத்திய ஆப்பிரிக்கக் காட்டிலிருந்து வந்தது. இந்த ஒரு இசையை வைத்து 1962-லிருந்து 1994 வரை யாருக்குக் காசு போனது, யாருக்குப் போகவில்லை, ஏன் என்று பார்த்தால், காப்புரிமை என்கிற ஏற்பாடு எதைப் பார்க்கிறது, எதைப் பார்க்கவே பார்க்காது என்று தெளிவாகப் புரியும். அதைத்தான் இங்கே எழுதப் போகிறேன்.

சிகாகோ சந்தில் ஒரு வண்டி

ஹெர்பி ஹான்காக் 1940-ல் சிகாகோவில் பிறந்தவர். கல்லூரியில் முதலில் எடுத்தது எலக்ட்ரிகல் இன்ஜினியரிங், அப்புறம்தான் இசைக்கு மாறினார். நம்ம ஆளு என்று எனக்கு அவர் மேல் ஒரு தனிப் பாசம் வருவதற்கு அதுவும் காரணம்.

1962-ல் புளூ நோட் கம்பெனிக்காக அவருடைய முதல் சொந்த ஆல்பம் 'டேக்கின் ஆஃப்' பதிவானது. அதற்கு ஒரு மெட்டு, கொஞ்சம் ஜனரஞ்சகமாக, விற்கிற மாதிரி வேண்டியிருந்தது. அமெரிக்கக் கறுப்பின வாழ்க்கையிலிருந்து தனக்கே தெரிந்த ஒன்றை எடுக்கணும் என்று யோசித்தார். நினைவுக்கு வந்தது சின்ன வயதில் பார்த்த தர்பூசணி வண்டிக்காரர். குதிரை வண்டி. கல் பாவிய சந்தில் சக்கரம் உருளும்போது ஒரு தாளம் கேட்கும். வீட்டுக்குள்ளிருந்து பெண்கள் அவரை நீட்டி முழக்கிக் கூப்பிடுவார்கள். சக்கரத்தின் ஓசை பியானோவின் தாளம் ஆனது, பெண்களின் கூப்பாடு டிரம்பெட்டும் சாக்ஸபோனும் வாசிக்கிற மெட்டு ஆனது.

பெயர் வைப்பதில் அவருக்கே தயக்கம் இருந்தது. அமெரிக்காவில் கறுப்பினத்தவரையும் தர்பூசணியையும் சேர்த்துக் கேலி செய்கிற பழைய வழக்கம் உண்டு. அந்தக் கேலிக்குத் தீனி போட்டது போல் ஆகிவிடுமோ என்று நினைத்தார். கடைசியில், என் தெருவில் நான் பார்த்த மனிதரை நான் ஏன் மறைக்கணும் என்று 'வாட்டர்மெலன் மேன்' என்றே வைத்துவிட்டார்.

இசையமைப்பு பற்றி ஒரு சின்னக் குறிப்பு. பொதுவாக புளூஸ் 12 பார் கொண்ட ஒரு சுற்று. ஒரு பார் என்றால் நான்கு எண்ணிக்கை. இந்தப் பாட்டில் சுற்று 16 பார். கடைசிப் பகுதியில் வழக்கமாக ஒரே ஒரு முறை வரும் கார்டு மாற்றத்தை ஹான்காக் மூன்று முறை திருப்பிப் போடுகிறார். முடியப் போகிறது என்று காது எதிர்பார்க்கும் இடத்தில் முடியாமல் இழுக்கும். நீளம் மாறினாலும் கேட்பவருக்கு சிக்கலாகத் தோன்றாது. ஆட வசதியாகவே இருக்கும்.

டொனால்ட் பேர்ட் சொன்ன புத்திமதி

அந்தக் காலத்தில் புதிதாக வரும் இசைக்கலைஞர்கள் ரெக்கார்டு போடும்போது, பாட்டின் பப்ளிஷிங் உரிமையைக் கம்பெனியிடமே விட்டுவிடுவது வழக்கம். இது என்ன என்று கொஞ்சம் விளக்க வேண்டும், ஏனென்றால் கதையே இதில்தான் இருக்கிறது.

ஒரு பாட்டில் இரண்டு தனித்தனிச் சொத்துகள் இருக்கின்றன. ஒன்று, மெட்டு. அதாவது எழுதி வைக்கக்கூடிய இசையமைப்பு. இன்னொன்று, ஒலிப்பதிவு. அதாவது ஒரு நாள் ஸ்டூடியோவில் டேப்பில் ஏறிய அந்தக் குறிப்பிட்ட சத்தம். மெட்டை வேறு யாராவது புதிதாக வாசித்து ரெக்கார்டு போட்டால், மெட்டின் சொந்தக்காரருக்கு ஒவ்வொரு பிரதிக்கும் காசு தர வேண்டும். அமெரிக்கச் சட்டம் அப்போது நிர்ணயித்த கட்டணம் பிரதிக்கு 2 சென்ட். வழக்கமாக இதில் பாதி பப்ளிஷருக்கு, பாதி இசையமைத்தவருக்கு. கணக்குக்காக ஒரு லட்சம் பிரதி என்று வைத்துக்கொண்டால் 2,000 டாலர். பப்ளிஷிங்கைக் கம்பெனிக்கு எழுதிக் கொடுத்திருந்தால் உங்கள் கைக்கு வருவது 1,000. நீங்களே பப்ளிஷராக இருந்தால் முழுசும் உங்களுக்கு.

ஹான்காக்கை நியூயார்க்குக்குக் கூட்டி வந்து தன் குழுவில் சேர்த்துக்கொண்டவர் டிரம்பெட் கலைஞர் டொனால்ட் பேர்ட். அவர் சொன்னது ஒன்றுதான்: பப்ளிஷிங்கை மட்டும் கொடுக்காதே. புளூ நோட் முதலாளி ஆல்ஃபிரட் லயன் கேட்டபோது, என் பாட்டுகளை ஏற்கெனவே என் சொந்தப் பப்ளிஷிங் கம்பெனியில் போட்டுவிட்டேன் என்று ஹான்காக் சொன்னார். அப்படியென்றால் ரெக்கார்டு போட முடியாது என்று லயன் மறுத்தார். இவரும் எழுந்து கிளம்பிவிட்டார். கதவருகே போகும்போதுதான் லயன் இறங்கி வந்தார்.

22 வயதுப் பையன், முதல் ஆல்பம். அந்த இடத்தில் எழுந்து நிற்க எவ்வளவு துணிச்சல் வேண்டும்! அதற்கும் மேலாக, எழுந்து நில் என்று காதில் சொல்ல ஒரு மூத்தவர் வேண்டும். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

முதல் கணக்கு: மோங்கோ சாண்டமரியா

கியூபாவின் ஹவானாவில் பிறந்த கொங்கா டிரம் கலைஞர் மோங்கோ சாண்டமரியா. அவர் குழுவில் பியானோ வாசிக்க ஆள் இல்லாத ஒரு சமயம் ஹான்காக் தற்காலிகமாகப் போய் வாசித்தார். பிராங்ஸில் ஒரு கிளப். இடைவேளையில், உன் தர்பூசணிப் பாட்டை மோங்கோவுக்கு வாசித்துக் காட்டு என்று சொன்னவர் மறுபடியும் டொனால்ட் பேர்ட்தான். ஹான்காக் வாசிக்க ஆரம்பித்தார், மோங்கோ கொங்காவில் சேர்ந்துகொண்டார், குழுவும் சேர்ந்தது. கிளப்பில் உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்து ஆட ஆரம்பித்துவிட்டார்கள்.

மோங்கோ அதை 1962 டிசம்பரில் பதிவு செய்தார். 1963-ல் அது பில்போர்ட் பட்டியலில் 10-ஆம் இடம் வரை போனது. வரிகளே இல்லாத, லத்தீன் தாளத்தில் ஓடுகிற ஒரு இசைத்தட்டுக்கு அது பெரிய விஷயம். அப்புறம் ஆளாளுக்கு அதை வாசித்தார்கள். மெட்டு ஹான்காக்குடையது, பப்ளிஷிங்கும் அவருடையது. அதனால் ஒவ்வொரு முறையும் காசு அவருக்கு வந்தது. அந்த ராயல்டியில்தான் ஒரு ஷெல்பி கோப்ரா ஸ்போர்ட்ஸ் கார் வாங்கினார். அதை வாங்கச் சொல்லித் தூண்டியதும் யார் என்று நினைக்கிறீர்கள்? அதே டொனால்ட் பேர்ட்!

இது முதல் கணக்கு. மெட்டை எடுத்தாய், மெட்டின் சொந்தக்காரருக்குக் கொடு. சட்டம் ஒழுங்காக வேலை செய்த இடம்.

1973: பாட்டிலும் காடும்

நடுவில் பத்து வருஷம். 1963-லிருந்து 1968 வரை மைல்ஸ் டேவிஸின் குழுவில் ஹான்காக் இருந்தார். பிறகு சொந்தமாக ஒரு ஆறு பேர் குழு. அவர்கள் வாசித்தது ரொம்பச் சோதனையான, விண்வெளியில் மிதக்கிற மாதிரியான இசை. விமர்சகர்கள் கொண்டாடினார்கள், கூட்டம் குறைவு, செலவு அதிகம். 1973-ல் குழுவைக் கலைத்துவிட்டு, தரையில் கால் பதிகிற இசை வேண்டும் என்று ஃபங்க் பக்கம் திரும்பினார். ஸ்லை ஸ்டோன் அவருக்கு ஆதர்சம். ஆல்பத்தில் அவர் பெயரிலேயே ஒரு பாட்டு உண்டு.

புதுக் குழுவில் சாக்ஸபோனுக்கு பென்னி மாபின், பேஸ் கிட்டாருக்கு பால் ஜாக்சன், டிரம்ஸுக்கு ஹார்வி மேசன், தாளக் கருவிகளுக்கு பில் சம்மர்ஸ். 'ஹெட் ஹண்டர்ஸ்' பில்போர்டின் ஆல்பம் பட்டியலில் 13-ஆம் இடம் பிடித்தது, ஜாஸ் உலகம் அதுவரை பார்க்காத அளவுக்கு விற்றது. 2007-ல் அமெரிக்க காங்கிரஸ் நூலகம் அதைத் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் சேர்த்துப் பாதுகாத்தது. பின்னால் வந்த ஹிப்-ஹாப்காரர்களுக்கு இந்த ஆல்பம் ஒரு சுரங்கம்.

அதில் பழைய 'வாட்டர்மெலன் மேன்' புது உருவத்தில் வந்தது. புது அமைப்பு ஹார்வி மேசனுடையது. வேகம் குறைந்து, கனமாக, சேற்றில் நடக்கிற மாதிரி ஒரு தாளம். அதன் வாசலில்தான் அந்த பீர் பாட்டில்.

இப்போது காட்டுக்குப் போவோம். 1960-களில் சிம்ஹா அரோம் என்ற இசை ஆய்வாளர் மத்திய ஆப்பிரிக்கக் குடியரசில் வேலை பார்த்தார். அங்கே மழைக்காட்டில் வேட்டையாடி வாழும் பா-பென்செலே மக்களின் இசையை, ஜெனவீவ் தோரெல் என்பவரோடு சேர்ந்து பதிவு செய்தார். அது 1966-ல் யுனெஸ்கோ இசைத் தொகுப்பில் இசைத்தட்டாக வந்தது. அதில் 'ஹிண்டேவு' என்று ஒரு வகை. பப்பாளி இலைக் காம்பில் ஒரு சின்ன ஊதல் செய்வார்கள். அது ஒரே ஒரு சுரம்தான் தரும். மீதி சுரங்களை வாசிப்பவர் தன் குரலால் நிரப்புவார். ஊதல், குரல், ஊதல், குரல் என்று இடைவெளியே தெரியாமல் மாறி மாறி வரும்போது ஒரு முழு மெட்டு கேட்கும். வேட்டையிலிருந்து திரும்பி வருகிறோம் என்று ஊருக்குச் சொல்கிற இசை அது. 'ஹிண்டேவு' என்ற பெயரே அந்தச் சத்தத்தைக் காட்டுகிற சொல்தான்.

இந்த இசைத்தட்டைத்தான் ஹான்காக்கும் சம்மர்ஸும் கேட்டு மயங்கினார்கள். பீர் பாட்டில் ஏன் பொருத்தமாக அமைந்தது என்பது எளிய இயற்பியல். பாட்டில் கழுத்தில் இருக்கும் காற்று ஒரு எடை மாதிரி, உள்ளே வயிற்றில் இருக்கும் காற்று ஒரு ஸ்பிரிங் மாதிரி. ஊதினால் எடை ஸ்பிரிங்கில் ஆடுவது போல் ஒரே வேகத்தில் அதிரும். ஆகவே ஒரு பாட்டிலுக்கு ஒரு சுரம். காம்பு ஊதலும் ஒரு சுரம்தான். மீதியைக் குரல் பார்த்துக்கொள்ளும். அதாவது கருவிதான் வேறு, உத்தி அதே உத்தி.

இரண்டாவது கணக்கு: பூஜ்யம்

1973 பதிப்பில் மெட்டு உரிமை யார் பெயரில்? ஹெர்பி ஹான்காக். பா-பென்செலே மக்களுக்குச் சட்டப்படி சேர வேண்டியது எவ்வளவு? ஒன்றுமில்லை.

இதில் யாரும் சட்டத்தை ஏமாற்றவில்லை என்பதுதான் முக்கியம். இரண்டு சொத்துகள் என்று மேலே சொன்னேன் இல்லையா, ஒவ்வொன்றாகப் பாருங்கள். மெட்டு உரிமை கேட்க வேண்டுமானால் இன்னார் இயற்றினார் என்று ஒரு ஆள் வேண்டும். தலைமுறை தலைமுறையாகக் கைமாறி, ஒவ்வொரு முறையும் கொஞ்சம் மாற்றி வாசிக்கிற இசைக்கு அப்படி ஒரு ஆள் கிடையாது. சட்டத்தின் கண்ணில் அது பொதுச் சொத்து. சரி, ஒலிப்பதிவு உரிமை? டேப்பிலிருந்து எடுத்து ஒட்டியிருந்தால்தான் அது வரும். சம்மர்ஸ் எடுத்து ஒட்டவில்லை, தானே ஊதினார். ஒரு பதிவில் இருக்கும் சத்தத்தைப் போலவே இன்னொருவர் தனியாக ஊதிப் பதிவு செய்தால், அமெரிக்கச் சட்டப்படி அது ஒலிப்பதிவு உரிமை மீறல் ஆகாது.

நம்ம தொழில்காரர்களுக்கு இது உடனே புரியும். ஒருவருடைய கோடை காப்பி-பேஸ்ட் செய்தால் லைசென்ஸ் பிரச்சினை வரும். அது என்ன செய்கிறது என்று பார்த்துவிட்டு நீங்களே முதலிலிருந்து எழுதினால் பெரும்பாலும் வராது. சம்மர்ஸ் செய்தது மறு-எழுத்து.

மூன்றாவது கணக்கு: மடோனா

1994. மடோனாவின் 'பெட்டைம் ஸ்டோரீஸ்' ஆல்பத்தில் 'சேங்ச்சுவரி' என்று ஒரு பாட்டு. அதில் 1973 'வாட்டர்மெலன் மேன்' சாம்பிள் செய்யப்பட்டிருக்கிறது. டேப்பிலிருந்து வெட்டி எடுத்த துண்டு என்பதால் அனுமதி வாங்க வேண்டும், காசு கொடுக்க வேண்டும். பாட்டை எழுதியவர்கள் பட்டியலில் ஹான்காக் பெயரும் ஏறியது.

வெட்டி எடுத்தது எந்தத் துண்டு தெரியுமா? அந்த ஊதல்தான்.

இப்போது மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மோங்கோ மெட்டை எடுத்தார், ஹான்காக்குக்குக் காசு போனது. சம்மர்ஸ் காட்டின் உத்தியை எடுத்தார், யாருக்கும் காசு போகவில்லை. மடோனாவின் ஆட்கள் சம்மர்ஸ் ஊதிய டேப்பை எடுத்தார்கள், மறுபடி ஹான்காக் பக்கம் காசு போனது. காட்டிலிருந்து வந்த சத்தம், டேப்பில் ஏறிய நிமிடத்திலிருந்து சொத்தாக மாறிவிட்டது. ஆனால் அந்தச் சொத்தின் ஆரம்பம் டேப்தான், காடு இல்லை.

இந்தச் சங்கிலியை முதலில் விரிவாகப் பதிவு செய்தவர் ஸ்டீவன் ஃபெல்ட் என்ற இசை மானுடவியலாளர், 1996-ல் எழுதிய ஒரு ஆய்வுக் கட்டுரையில். அவர் ஹான்காக்கிடம் நேரடியாகவே இதைக் கேட்டிருக்கிறார். ஹான்காக் சொன்ன பதிலின் சாரம்: இது சகோதரர்களுக்குள் இருக்கிற விஷயம், அண்ணன் தம்பிகள் தங்களுக்குள் தீர்த்துக்கொள்வது.

இந்தப் பதிலை ஒதுக்கித் தள்ள எனக்கு மனசு வரவில்லை. அமெரிக்கக் கறுப்பினக் கலைஞர்களின் மெட்டை வெள்ளைக்காரக் கம்பெனிகள் எழுதி வாங்கிக்கொண்ட வரலாறு நீளமானது. ஆல்ஃபிரட் லயன் முன்னால் எழுந்து நிற்க வேண்டி வந்ததே அதனால்தான். ஆப்பிரிக்காவிலிருந்து பிடுங்கி எறியப்பட்டவர்களின் வாரிசு ஒருவர், அந்தக் கண்டத்தின் சத்தத்தைக் கேட்டு, இது என் பங்காளி வீட்டுச் சத்தம் என்று உணர்வதில் பொய் இல்லை. அதே சமயம், பங்காளிகளுக்குள் கணக்கு பேச வேண்டுமானால் இரண்டு பேரும் ஒரு திண்ணையில் உட்கார வேண்டும். இங்கே ஒரு பங்காளிக்கு மற்றவர் இருப்பதே தெரியாது.

அப்படியென்றால் தர்பூசணிக்காரர்?

இந்த இடத்தில் ஒரு நியாயமான கேள்வி வரும். 1962-ல் எடுத்ததும் இரவல்தானே? வண்டிக்காரரின் சக்கரம், பெண்களின் கூப்பாடு. அவர்களுக்கு யாராவது ராயல்டி கொடுத்தார்களா?

கொடுக்கவில்லை, கொடுக்கணும் என்றும் எனக்குத் தோன்றவில்லை. தெருவில் கேட்டதை, வாழ்ந்ததைப் பாட்டாக்குவதுதான் இசையின் வேலை. அதற்கும் கட்டணம் வைத்தால் யாரும் வாயைத் திறக்க முடியாது. கோணங்கியின் உடுக்கையும் வண்டிக்காரர் குரலும் கேட்டு வளர்ந்த நமக்கு இது தெரியும்.

ஆனால் ஒரு வித்தியாசம் இருக்கிறது. வண்டிக்காரருக்குப் பாட்டின் தலைப்பிலேயே இடம் கிடைத்துவிட்டது. கேலி வருமோ என்ற பயத்தையும் மீறி ஹான்காக் அவரை அங்கே உட்கார வைத்தார். ஹிண்டேவு வந்தது ஒரு இசைத்தட்டின் வழியாக. அதன் அட்டையில் மக்களின் பெயர் இருந்தது, பதிவு செய்தவர்களின் பெயர் இருந்தது. எங்கிருந்து வந்தது என்பது எடுத்தவர்களுக்குத் தெரிந்தே இருந்தது. தலைப்பில் ஒருவருக்குக் கிடைத்த இடம், எழுதியவர் வரிசையில் இன்னொருவருக்குக் கிடைக்கவில்லை.

ஓப்பன் சோர்ஸில் எம்ஐடி லைசென்ஸ் என்று ஒன்று உண்டு. எடுத்துக்கோ, மாத்திக்கோ, வித்துக்கோ, காசு வேண்டாம். ஒரே ஒரு நிபந்தனை: என் பெயர் இருக்கும் அந்த அறிவிப்பை மட்டும் அழிக்காதே. உலகத்தின் பாதி மென்பொருள் இந்த மாதிரி சின்ன மரியாதையின் மேல்தான் ஓடிக்கொண்டிருக்கிறது. இசையில் அந்த அளவுக்காவது கேட்கலாம் என்று நினைக்கிறேன். சட்டம் அதைக் கேட்காது, ஏனென்றால் அதற்கு ஒரு தனி ஆளோ ஒரு டேப்போ வேண்டும். ஒரு இனக்குழு முழுக்க மூச்சில் வைத்திருக்கும் உத்தியை எழுதி வைக்க அதில் கட்டமே இல்லை.

2003-ல் யுனெஸ்கோ மத்திய ஆப்பிரிக்காவின் அக்கா மக்களின் பல்குரல் பாடலை மனிதகுலத்தின் பெரும் மரபுகளில் ஒன்றாக அறிவித்தது. பா-பென்செலே மக்கள் அவர்களுக்கு நெருங்கிய உறவுக் குழு. கௌரவம் வந்தது நல்லதுதான். ஆனால் ராயல்டி ஸ்டேட்மெண்ட்டில் அதற்கு வரி கிடையாது.

ஹான்காக் மேல் எனக்கு மரியாதை குறையவில்லை. பாட்டை இன்னும் கேட்கிறேன், தலை இன்னும் ஆடுகிறது. 22 வயதில் அவர் தன் உரிமையைக் காப்பாற்றியதற்குக் காரணம் அவருடைய திறமை மட்டுமில்லை, அருகில் ஒரு டொனால்ட் பேர்ட் இருந்தார். பப்பாளிக் காம்பை ஊதிக்கொண்டு வேட்டையிலிருந்து வீட்டுக்குத் திரும்பிக்கொண்டிருந்தவர் பக்கத்தில் மைக் இருந்தது, பேர்ட் மாதிரி ஒருவர் இல்லை.